ஊரு விட்டு ஊரு வந்தவங்க வாழ்க்கையை எழுதணுமா? ஓசூர், தருமபுரியில இருந்தே ஆரம்பிக்கலாம்

வேலைக்காகவோ உசுரைக் காப்பாத்திக்கவோ ஊரு விட்டு ஊரு, நாடு விட்டு நாடு வந்தவங்க வாழ்க்கையை உள்ளது உள்ளபடி நீளமா எழுதுற பத்திரிகைக்காரங்களா ஆகணும்னு ஆசைப்படுற பசங்க பொண்ணுங்க எங்க பக்கம் இப்ப நிறைய இருக்காங்க. காலேஜ் முடிச்சதும் கேக்குற முதல் கேள்வி, அண்ணா சென்னைக்குப் போகணுமா டெல்லிக்குப் போகணுமாங்கிறதுதான். தருமபுரி, கிருஷ்ணகிரி ஜில்லாவுல பொறந்தவங்களுக்கு அந்த அவசியமே இல்லைன்னு நான் நினைக்கிறேன். ஏன்னா இங்க ஜனங்க வர்றதும் நடக்குது, போறதும் நடக்குது, அதுவும் பக்கத்துப் பக்கத்துல. ஓசூர் சிப்காட்டுக்கும் தளி பக்கத்து ரோஜாத் தோட்டத்துக்கும் கிருஷ்ணகிரி கிரானைட் குவாரிக்கும் ஜார்க்கண்ட், ஒடிசா, பீகார், அசாம்ல இருந்து ஆளுங்க வர்றாங்க, அதே நேரத்துல பென்னாகரம், அரூர் பக்கத்து ஆளுங்க சென்ட்ரிங் வேலைக்கும் சித்தாள் வேலைக்கும் பெங்களூர் பஸ் ஏறுறாங்க. ரெண்டு கூட்டத்தையும் ஒரே பஸ் ஸ்டாண்டுல நின்னு பாக்கலாம்.

இந்தக் கட்டுரையில நான் சொல்ல வர்றது ஒண்ணுதான், மத்ததெல்லாம் அதைச் செய்யுறதுக்கான வழி. ஊரு விட்டு வந்த ஒவ்வொருத்தருக்கும் ரெண்டு ஊரு இருக்கு, ரெண்டையும் பாக்காம அவங்களைப் பத்தி எழுதாதீங்க. வேலை செய்யுற ஊரை மட்டும் பாத்தா ஆளு வெறும் தொழிலாளியாத் தெரிவாரு, விபத்து நடந்தா நியூஸ், இல்லன்னா ஒண்ணும் இல்ல. அவரு விட்டுட்டு வந்த ஊரையும் பாத்தாத்தான் அவரு யாருக்கு மகன், யாருக்குக் கடன்காரரு, எந்த நிலத்தை மீட்கணும்னு நைட் ஷிப்ட் பாக்குறாருன்னு புரியும்.

எங்க இருந்து ஆரம்பிக்கிறது

உங்க வீட்டுல இருந்து ஒரு மணி நேரத்துல போய் வரக்கூடிய இடத்தை எடுங்க. பெரிய விஷயமா இருக்கேன்னு தூரத்துல இருக்கிறதை எடுத்தா ரெண்டு தடவை போவீங்க, மூணாவது தடவை பஸ் காசு பாத்து நின்னுடுவீங்க, இந்த வேலையில மூணாவது தடவைக்கு அப்புறம்தான் ஜனங்க வாயே தொறப்பாங்க. ஓசூர் ஆளுன்னா ஜூஜூவாடி, மூக்கண்டப்பள்ளி பக்கம் லைன் வீடுங்கள்ல தங்கியிருக்கிறவங்க. கிருஷ்ணகிரி ஆளுன்னா மாம்பழ சீசன்ல கூழ் ஃபேக்டரி, இல்ல குவாரி. தருமபுரி ஆளுன்னா பெங்களூர் போற உங்க சொந்தக்காரங்களே இருப்பாங்க, அங்க இருந்து ஆரம்பிச்சா மொழிப் பிரச்சினையும் இல்ல, எழுதிப் பழகுறதுக்கு அதைவிட நல்ல இடம் கிடையாது.

பழைய கதையும் இருக்கு. கோலார் தங்க வயலுக்குப் போன குடும்பங்க இந்தப் பக்கம் எத்தனையோ, சுரங்கத்தை 2001 பிப்ரவரி 28-ல மூடினப்போ மூணு நாலு தலைமுறையா அங்கயே இருந்தவங்க என்ன ஆனாங்கன்னு இன்னும் எழுதித் தீரல. 1991 டிசம்பர்ல காவிரி இடைக்காலத் தீர்ப்பை ஒட்டி கர்நாடகாவுல தமிழங்க மேல தாக்குதல் நடந்தப்போ பெங்களூர்ல இருந்து ஓசூர் வழியா ஓடி வந்தவங்க இருக்காங்க, அவங்கள்ல திரும்பிப் போனவங்களும் உண்டு, போகாதவங்களும் உண்டு. அவங்கள்லாம் வயசாகிட்டு வர்றாங்க, இதுல ஆசை இருந்தா இப்பவே போங்க, தள்ளிப் போடாதீங்க.

இலங்கையில இருந்து வந்தவங்க முகாம்கள் நம்ம பக்கம் அணைக்கட்டு ஓரங்கள்ல இருக்கு, ஊத்தங்கரை பக்கம் பாம்பாறு, பென்னாகரம் பக்கம் நாகாவதி மாதிரி. இது முதல் கதைக்கான இடம் இல்ல, காரணத்தைக் கீழ சொல்றேன்.

போறதுக்கு முன்னாடி படிக்கிறது

ரொம்ப வேண்டாம், ஆனா கொஞ்சம் கட்டாயம் வேணும். வெளிமாநிலத் தொழிலாளர் சட்டம் 1979-ல வந்தது, அதுல காண்ட்ராக்டருக்கு லைசென்ஸ், வந்து போற பயணப் படி, ஊரு விட்டு வந்ததுக்குன்னு தனியா மாசச் சம்பளத்துல பாதி அளவு ஒரு படி இதெல்லாம் இருந்துச்சு, 5 பேர் இருந்தாலே பொருந்தும். அதை 2020-ல போட்ட தொழில் பாதுகாப்பு கோடுக்குள்ள (கோடுன்னா பல சட்டங்களை ஒண்ணாச் சேத்த தொகுப்பு) சேர்த்துட்டாங்க, அது 2025 நவம்பர் 21-ல அமலுக்கு வந்துச்சு, இப்ப 10 பேர் இருந்தாத்தான் பொருந்தும், ஊரு விட்டு வந்ததுக்கான அந்தத் தனிப் படியும் போயிடுச்சு. ஆனா காண்ட்ராக்டர் கூட்டிட்டு வராம தானா வந்த ஆளையும் புதுக் கோடு கணக்குல எடுத்துக்குது, அது முன்னாடி இல்லாதது. இந்த வித்தியாசம் தெரிஞ்சிருந்தாத்தான் ஒருத்தரு என்னைக் கூட்டிட்டு வந்தது யாருன்னு சொல்றப்போ அது எவ்வளவு முக்கியமான பதில்னு உங்களுக்கு உறைக்கும்.

செங்கல் சூளை, குவாரி பக்கம் போறீங்கன்னா 1976 கொத்தடிமை ஒழிப்புச் சட்டத்தையும் படிங்க. முன்பணம் வாங்கிட்டு அதுக்காக வெளிய போக முடியாம வேலை செய்யுறது அந்தச் சட்டத்துல வரும், மீட்டா விடுதலைச் சான்று குடுக்கிறது ஆர்.டி.ஓ. மாதிரி வருவாய் அதிகாரிங்கதான்.

சென்சஸ்ல குடிபெயர்வு பத்தித் தனி அட்டவணைங்க இருக்கு, டி வரிசைன்னு சொல்லுவாங்க. கிருஷ்ணகிரி ஜில்லாவே 2004 பிப்ரவரியிலதான் பிரிஞ்சது, அதனால 2001 கணக்குல கிருஷ்ணகிரின்னு தேடாதீங்க, எல்லாம் தருமபுரிக்குள்ளயே இருக்கும். தருமபுரியும் 1965 வரைக்கும் சேலம் ஜில்லாதான், அதுக்கு முந்தின ரெக்கார்டு வேணும்னா சேலம்னு தேடணும். 2011-க்கு அப்புறம் சென்சஸ் தள்ளிப்போயிட்டே இருந்ததால அந்தப் பழைய எண்ணை இன்னைக்கு நிலவரம் மாதிரி எழுதிடாதீங்க, வருஷத்தைக் கூடவே போடுங்க.

பேச்சு எங்க கிடைக்கும்

ஃபேக்டரி கேட்டுல நின்னு மைக்கை நீட்டினா யாரும் பேச மாட்டாங்க, பேசினாலும் சூப்பர்வைசர் பாக்குறாருன்னு தெரிஞ்சு பேசுவாங்க. ஞாயித்துக்கிழமை சாயங்காலம் போங்க. ஊருக்குக் காசு அனுப்புற கடை, மொபைல் ரீசார்ஜ் கடை, சலூன், கோழிக்கடை, அவங்க ஊரு மசாலாவும் கடுகு எண்ணெயும் விக்கிற சின்ன மளிகை, இதுங்கதான் இடம். கடைக்காரரு கிட்ட முதல்ல பழகுங்க. யாரு எந்த ஊரு, யாரு புதுசா வந்திருக்காங்க, யாரு அவசரமா ஊருக்குப் போனாங்க, எல்லாம் அவருக்குத் தெரியும். ஓசூர் ரயில்வே ஸ்டேஷன்ல காலையில வர்ற வண்டி, பஸ் ஸ்டாண்டுல பெங்களூர்ல இருந்து பெட்டியோட இறங்குற கூட்டம், அங்கயும் நின்னு பாருங்க, பேச வேண்டாம், யாரு யாரை வந்து கூட்டிட்டுப் போறாங்கன்னு மட்டும் பாருங்க, அதுலயே பாதி ஏற்பாடு புரிஞ்சிடும்.

ரூமுக்குக் கூப்பிட்டா போங்க. பகல் ஷிப்ட்காரரும் நைட் ஷிப்ட்காரரும் ஒரே பாயை மாத்தி மாத்திப் பயன்படுத்துற ரூமுல உக்காந்து அவங்க சமைக்கிறதைச் சாப்பிட்டுப் பேசுற பேச்சு வேற. ஆனா தூங்குறவரை எழுப்பாதீங்க, அந்தத் தூக்கம் அவரோட கூலி.

கேள்வி கேக்குற விதத்துல கவனமா இருங்க. ஏன் வந்தீங்கன்னு கேட்டா "வேலைக்கு"ன்னு ஒரு வார்த்தையில முடிஞ்சிடும், கஷ்டமா இருக்கான்னு கேட்டா "பரவாயில்ல"ம்பாங்க. அதுக்குப் பதிலா கிளம்பின நாளைப் பத்திக் கேளுங்க. அன்னைக்குக் காலையில வீட்டுல யாரு இருந்தாங்க, ஸ்டேஷன் வரைக்கும் யாரு வந்தாங்க, டிக்கெட் காசு யாரு குடுத்தது, பக்கத்து சீட்டுல யாரு, முதல் ராத்திரி எங்க படுத்தீங்க, முதல் சம்பளத்துல என்ன வாங்கினீங்க, யாருக்கு முதல்ல போன் போட்டீங்க. இப்படிக் கேட்டா ஜனங்க தானா கதை சொல்லுவாங்க, நீங்க இடையில பேசாம இருந்தாப் போதும். கடன் பத்திக் கேக்கறப்போ மட்டும் விடாம கேளுங்க: எவ்வளவு, யாரு கிட்ட, வட்டி என்ன, எதை அடமானம் வச்சது. நான் பாத்த வரைக்கும் கடனும் கல்யாணமும் இல்லாத பயணம் ரொம்பக் குறைச்சல். சம்பளத்துலயும் சொன்னது எவ்வளவு, கைக்கு வர்றது எவ்வளவு, நடுவுல சாப்பாடு ரூம் வாடகைன்னு பிடிக்கிறது எவ்வளவு, இந்த மூணையும் தனித்தனியா எழுதிக்கோங்க. ரேஷன் எங்க வாங்குறீங்கன்னு ஒரு கேள்வி சேத்துக்கோங்க. ஒரே நாடு ஒரே ரேஷன் திட்டம் தமிழ்நாட்டுல 2020-லயே வந்தாச்சு, ஆனா குடும்பத்தோட கார்டு ஊருல இருக்கு, இங்க வாங்கினா அங்க குறையுமேன்னு சொல்ற ஆளுங்களைப் பாப்பீங்க.

மொழி பத்தி. கொஞ்சம் ஹிந்தி கத்துக்கோங்க, அது மரியாதை. ஆனா ஹிந்தியே எல்லாருக்கும் தாய்மொழி இல்ல, ஜார்க்கண்ட்ல இருந்து வர்ற பொண்ணு ஒருத்திக்கு சந்தாலியோ முண்டாரியோ வீட்டு மொழியா இருக்கும், ஹிந்தியே பள்ளிக்கூடத்துல படிச்சதா இருக்கும். மொழிபெயர்க்க ஆள் வச்சா அந்த ஆளு அதே காண்ட்ராக்டர் கிட்ட வேலை செய்யுறவரா இருக்கவே கூடாது, மேஸ்திரியா இருக்கவே கூடாது, பொண்ணுங்க கிட்டப் பேசுறதுக்குப் பொண்ணு வேணும். ஓசூர், பெங்களூர் காலேஜ்ல படிக்கிற வெளிமாநிலப் பசங்க கிடைப்பாங்க, அவங்களுக்குக் காசு குடுங்க. சம்மதம் வாங்கிட்டு ரெக்கார்டு பண்ணி, வேற ஒருத்தர் கிட்டப் போட்டுக் காட்டி மொழிபெயர்ப்பு சரியான்னு பாருங்க. இதைச் செஞ்சா முதல் ஆளு சுருக்கிச் சொன்ன இடத்துலதான் நிறைய விஷயம் இருந்துச்சுன்னு தெரியும்.

அன்னைக்குக் கேட்டதை அன்னைக்கு ராத்திரியே எழுதிடுங்க. தேதி, நேரம், இடம், யாரு கூட இருந்தாங்க, என்ன சமைச்சாங்க. ஒரு வருஷம் கழிச்சு எழுத உக்காரும்போது ரெக்கார்டிங்கைவிட இந்த நோட்டுதான் கை குடுக்கும்.

கடைசியா எத்தனை பேர் கதை எழுதுறது

நிறையப் பேர் கிட்டப் பேசணும், கொஞ்சப் பேரைப் பத்தி எழுதணும். அமெரிக்காவுல இசபெல் வில்கர்சன்னு ஒரு பத்திரிகைக்காரம்மா இருக்காங்க. 1915-ல இருந்து 1970 வரைக்கும் தெற்கு மாகாணங்கள விட்டு வடக்குக்கும் மேற்குக்கும் போன கறுப்பின மக்கள், கிட்டத்தட்ட 60 லட்சம் பேரு, அவங்க கதையை எழுதுறதுக்கு 1,200 பேருக்கு மேல பேட்டி எடுத்தாங்க, கடைசியில 3 பேரை மட்டும் நடுவுல வச்சு எழுதினாங்க, 15 வருஷம் ஆச்சு. கவனிங்க, அதுவும் நம்ம கதை மாதிரி சொந்த நாட்டுக்குள்ளயே போன பயணம்தான்.

நமக்கு 1,200 வேண்டாம், முதல் கட்டுரைக்கு ஒரு 20 பேர் கிட்டப் பேசினாலே நல்ல ஆரம்பம். அதுல ஒருத்தரைத் தேர்ந்தெடுக்கிறது எப்படின்னா, அதிகம் கஷ்டப்பட்டவரைத் தேடாதீங்க. எல்லாரும் அந்தத் தப்பான தராசைத்தான் தூக்குறாங்க. எதையாவது செய்ய முயற்சி பண்ணிட்டு இருக்கிற ஆளைத் தேடுங்க, தங்கச்சியை நர்சிங் படிக்க வைக்கிறவரு, லைன்ல இருந்து மெஷின் ஆபரேட்டரா ஆகணும்னு பாக்குறவங்க, சூளையை விட்டு ஊருல கடை போடப் போறவங்க. முயற்சி நடக்கிற இடத்துலதான் அடுத்து என்ன ஆச்சுன்னு வாசகருக்குத் தோணும். அப்புறம் அவரு உங்களுக்கு நேரம் குடுக்கணும், சின்னச் சின்ன விஷயத்தை ஞாபகம் வச்சிருக்கணும், இல்லன்னா எவ்வளவு நல்ல கதையா இருந்தாலும் நகராது.

எழுதும்போது வடநாட்டுத் தொழிலாளின்னு போடாம ஜில்லா பேரு போடுங்க. ஆபத்து இல்லாத வரைக்கும் ஊரு பேரும் போடுங்க. நம்மளை மெட்ராஸின்னு மொத்தமாச் சொன்னா நமக்கு எப்படி இருக்கும்னு பெங்களூருக்கும் பம்பாய்க்கும் போய் வந்த நம்ம பெரியவங்களைக் கேட்டாத் தெரியும்.

அந்த ஊருக்குப் போங்க

இதுதான் நிறையப் பேரு விட்டுடுற படி, என்னைக் கேட்டா இதுதான் வேலையே.

சோனியா நசாரியோன்னு இன்னொரு பத்திரிகைக்காரங்க, லாஸ் ஏஞ்சலஸ் டைம்ஸ்ல இருந்தாங்க. ஹோண்டுராஸ்ல இருந்து அமெரிக்காவுல இருக்கிற அம்மாவைத் தேடிப் போன ஒரு பையனை மெக்சிகோ எல்லையில பாத்துப் பேசிட்டு, அப்புறம் அவன் கிளம்பின இடத்துக்கே போயி, அவன் வந்த வழியில, சரக்கு ரயில் மேல ஏறி வந்து பாத்தாங்க. 2003-ல அதுக்கு அமெரிக்காவோட பெரிய பத்திரிகைப் பரிசான புலிட்சர் கிடைச்சுது. ரயில் மேல ஏறுறதை நீங்க காப்பி அடிக்க வேண்டாம், அவங்களே மெக்சிகோ அதிபரோட உதவியாளர் கிட்ட லெட்டர் வாங்கி வச்சுட்டுத்தான் போனாங்க. எடுத்துக்க வேண்டியது அந்த வரிசையை: ஆளைப் பாருங்க, அவரு சொன்னதைக் கேளுங்க, அப்புறம் அவரு வந்த வழியை உங்க கண்ணால பாருங்க.

தனியாப் போறதைவிட அவங்க ஊருக்குப் போகும்போது கூடவே போறது நல்லது. பீகார்க்காரங்க சட் பூஜைக்கு, வங்காளத்துக்காரங்க துர்கா பூஜைக்கு, அசாம்காரங்க பிஹுவுக்குப் போவாங்க. நம்ம ஆளுங்க பொங்கலுக்கும் ஊருத் திருவிழாவுக்கும் பெங்களூர்ல இருந்து வருவாங்க. அந்த நேரத்துல போனா பையில என்ன வாங்கிட்டுப் போறாங்க, யாரு யாருக்கு எவ்வளவு குடுக்குறாங்க, ஊருல எப்படி நடத்துறாங்க எல்லாம் தெரியும். அவங்க போற பெட்டியிலயே போங்க, ஜெனரல்னா ஜெனரல். நீங்க ஏசியில போயிட்டு ஸ்டேஷன்ல பாத்துக்கலாம்னா அந்த ரெண்டு நாள் கதை போச்சு.

காசு இல்லன்னா முதல் கட்டுரையை பென்னாகரம் டு பெங்களூர்னு வச்சுக்கோங்க, பஸ் சார்ஜுல ரெண்டு ஊரும் முடிஞ்சிடும். அங்க கட்டுமான இடத்துல தகர ஷெட்டுல தங்கியிருக்கிற அப்பா அம்மா, இங்க பாட்டி கிட்ட வளர்ற புள்ளைங்க, அரசுப் பள்ளிக்கூடத்து வாத்தியாரு, எல்லாரையும் ஒரே வாரத்துல பாத்துடலாம்.

அந்த ஊருல போய் பாக்க வேண்டியது, பாதியில நிக்கிற வீடு, அடமானத்துல இருக்கிற நிலம், ஊருல ஆம்பளைங்க இல்லாத தெரு, அடுத்துக் கிளம்பத் தயாரா இருக்கிற தம்பி. அம்மா கிட்டப் பேசும்போது மகன் பக்கத்துல இல்லாமப் பாத்துக்கோங்க. மகன் போன்ல என்ன சொல்றாரு, என்ன சொல்ல மாட்டாருன்னு கேளுங்க. அம்மா கிட்ட ஆபீஸ் வேலைன்னு சொல்லி வச்சிருக்கிற பசங்க இருக்காங்க, அங்க போய் நீங்க வாயைத் தொறந்து குவாரின்னு சொல்லிடாதீங்க. கிளம்புறதுக்கு முன்னாடியே அந்த ஆளு கிட்ட, வீட்டுல எது தெரியும் எது தெரியாதுன்னு கேட்டுக்கிட்டுப் போங்க.

சொன்னதைச் சரி பாக்குறது

மனசு உருகிக் கேட்ட கதையையும் சரி பாக்கணும், அது சந்தேகம் இல்ல, அவருக்காகத்தான். நாளைக்கு யாராவது பொய்னு சொன்னா அடி வாங்குறது அவருதான். சம்பளச் சீட்டு, பேங்க் மெசேஜ், பி.எஃப். பாஸ்புக், இ.எஸ்.ஐ. கார்டு, ரயில் டிக்கெட், ஆஸ்பத்திரிச் சீட்டு, இதுல எது இருந்தாலும் பாத்து போட்டோ எடுத்து வச்சுக்கோங்க. வழக்கு இருந்தா எஃப்.ஐ.ஆர். படிங்க. தொழிலாளர் துறையில, தொழிற்சாலை பாதுகாப்புத் துறையில இருந்து தகவல் வேணும்னா தகவல் உரிமைச் சட்டத்துல ஆர்.டி.ஐ. மனு போடுங்க, 10 ரூபா கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டினாப் போதும், 30 நாள்ல பதில் வரணும், வரலன்னா மேல்முறையீடு பண்ணுங்க. கேள்வியைச் சின்னதா, ஒரு வருஷம் ஒரு தாலுகான்னு கேளுங்க. காண்ட்ராக்டர், கம்பெனி, அதிகாரி, இவங்க கிட்டயும் எழுத்துல கேட்டு பதிலுக்கு நேரம் குடுத்துட்டுத்தான் போடணும், அவங்க பக்கமும் மனுஷங்கதான், சில நேரம் காண்ட்ராக்டரே பத்து வருஷம் முன்னாடி இதே மாதிரி வந்து இறங்கின ஆளா இருப்பாரு.

2023 மார்ச்சுல தமிழ்நாட்டுல பீகார் தொழிலாளிங்களை அடிச்சுக் கொல்றாங்கன்னு பொய் வீடியோ பரவினது ஞாபகம் இருக்கும். வேற இடத்துல, வேற காரணத்துக்கு நடந்த சண்டையை எல்லாம் எடுத்துப் போட்டாங்க. போலீஸ் கேஸ் போட்டாங்க, ரெண்டு மாநில அரசும் விளக்கம் குடுத்தாங்க, அதுக்குள்ள பயந்து ரயில் ஏறினவங்க இருக்காங்க. ஒரு வீடியோவை ஒரு கால் பண்ணிச் சரி பாக்காததால இவ்வளவும் நடந்துச்சு. இதுக்கு நேர் எதிர்ப் பக்கமும் இருக்கு, 2020 லாக்டவுன்ல நடந்தே ஊருக்குப் போனவங்கள்ல எத்தனை பேர் செத்தாங்கன்னு கேட்டதுக்கு அந்த வருஷம் செப்டம்பர்ல பார்லிமென்ட்ல ஒன்றிய அரசு அந்தக் கணக்கே இல்லைன்னு சொல்லுச்சு. கணக்கு இல்லாத இடத்துல நீங்க எடுக்கிற பேட்டியும் தேதியும்தான் கணக்கு, அதனால தேதி தப்பா இருக்கக் கூடாது.

எழுதினதால அவங்களுக்கு அடி விழக்கூடாது

பேரை மாத்திட்டாப் போதும்னு நினைக்கிறாங்க. ஊரு, வயசு, எந்த லைன், எந்த ஷிப்ட் எல்லாம் அப்படியே இருந்தா சூப்பர்வைசர் ஒரு நிமிஷத்துல கண்டுபிடிச்சிடுவாரு. எது இல்லாமலும் கதை நிக்குமோ அதை எடுத்துடுங்க, ஆனா எதையும் புதுசாச் சேக்காதீங்க, பேரு மாத்தியிருக்குன்னு கட்டுரையிலயே சொல்லிடுங்க. போட்டோவுல கழுத்துல தொங்குற ஐ.டி. கார்டு, பின்னாடி ஹாஸ்டல் போர்டு, கம்பெனி பஸ் நம்பர், இதெல்லாம் பாருங்க. பொண்ணுங்க ஹாஸ்டலைப் பத்தி எழுதினா இன்னும் ரெண்டு மடங்கு கவனம், வார்டன் கேள்வி கேட்டு வீட்டுக்கு அனுப்பிட்டா அந்தப் பொண்ணோட மொத்தத் திட்டமும் போச்சு. பாலியல் குற்றம் பத்தி வந்தா பாதிக்கப்பட்டவங்களை அடையாளம் காட்டுறது சட்டப்படியே குத்தம், புள்ளைங்க விஷயத்துல போக்சோவும் (புள்ளைங்க மேல நடக்குற பாலியல் குற்றத்துக்கான சட்டம்) சிறார் நீதிச் சட்டமும் இருக்கு, பள்ளிக்கூடம் பேரு கூடப் போடக்கூடாது.

சம்மதம் ரெண்டு தடவை கேளுங்க. பேச ஆரம்பிக்கும்போது ஒரு தடவை, எழுதி முடிச்சு அவங்களைப் பத்தின பகுதியை அவங்க மொழியில படிச்சுக் காட்டிட்டு ஒரு தடவை. ரெண்டாவது தடவை வேண்டாம்னு சொன்னா விட்டுடுங்க. வலிக்கும், இருந்தாலும் விட்டுடுங்க.

இலங்கைத் தமிழர் முகாமுக்கு உள்ள போக அனுமதி வேணும், வருவாய்த்துறை கிட்டக் கேக்கணும், க்யூ பிராஞ்ச்ங்கிற உளவுப் போலீஸோட பார்வையும் இருக்கும். நீங்க அனுமதி இல்லாமப் போயிட்டு வந்தா விசாரணை உங்களுக்கு இல்ல, உங்க கிட்டப் பேசினவருக்கு. 2021-ல அகதிகள் முகாம்ங்கிறதை மறுவாழ்வு முகாம்னு மாத்தினாங்க, ஆனா இந்தியா 1951 அகதிகள் ஒப்பந்தத்துல கையெழுத்துப் போடல, 2019 குடியுரிமைத் திருத்தத்துலயும் இலங்கை இல்ல. 1983-ல இருந்து வந்தவங்க, இங்கயே பொறந்த அவங்க புள்ளைங்க, அந்தப் புள்ளைங்களோட புள்ளைங்க, எல்லாருக்கும் கையில இருக்கிற காகிதம் வேற வேற. அந்தச் சட்டம் புரியாம ஒரு வரி தப்பா எழுதினா ஒரு குடும்பத்தோட மனுவே கெட்டுப்போகலாம். அதனாலதான் இது முதல் கதை வேண்டாம்னு சொன்னேன். ரெண்டு மூணு வருஷம் எழுதிப் பழகிட்டு, வக்கீல் ஒருத்தரைத் துணைக்கு வச்சுக்கிட்டுப் போங்க, ஏன்னா அந்தக் கதையை எழுதியே ஆகணும்.

அரூர் பக்கத்து சித்தேரி மலையும் அப்படித்தான், அவசரப்பட்டுப் போற இடம் இல்ல. 2015 ஏப்ரல் 7-ல சேஷாசலம் காட்டுல செம்மரம் வெட்ட வந்தவங்கன்னு சொல்லி ஆந்திரா போலீஸ் 20 பேரைச் சுட்டுக் கொன்னப்போ அதுல சித்தேரி பக்கத்து ஆளுங்களும் இருந்தாங்க. அந்த வீடுங்களுக்குப் பத்திரிகைக்காரங்க நிறையப் பேரு போயாச்சு, அழச் சொல்லி போட்டோ எடுத்தவங்களும் உண்டு. நீங்க போறதா இருந்தா மரம் வெட்டப் போனதைப் பத்தி மட்டும் கேக்காதீங்க, அதுக்கு முன்னாடி அந்த மலையில என்ன வெளைஞ்சுது, என்ன விலை போச்சு, ரோடு எப்ப வந்துச்சுன்னு கேளுங்க.

உதவி செய்யலாமாங்கிற கேள்வி கண்டிப்பா வரும். பேட்டிக்குக் காசு குடுக்கக் கூடாது, அது சொல்ற கதையையே மாத்திடும். ஆனா சம்பளம் வராம நிக்கிற ஆளுக்குத் தொழிலாளர் ஆபீஸ் எங்க இருக்குன்னு காட்டுறதுக்கும், அடிபட்டவரை ஜி.எச்.சுக்குக் கூட்டிட்டுப் போறதுக்கும் யோசிக்கவே வேண்டாம். செஞ்சதைக் கட்டுரையில ஒரு வரியில சொல்லிடுங்க, அவ்வளவுதான்.

எழுதுறதும் விக்கிறதும்

எழுதுறதைப் பத்தி நிறையச் சொல்ல ஒண்ணும் இல்ல. நடந்ததை நடந்த வரிசையில எழுதுங்க, பாக்காததைப் பாத்த மாதிரி எழுதாதீங்க, அவரு மனசுல என்ன ஓடுச்சுன்னு அவரே சொன்னா மட்டும் எழுதுங்க. அவங்க பேசினதை செந்தமிழ் ஆக்காதீங்க. பாவம், அப்பாவிங்கிற வார்த்தைங்களை முழுசா விட்டுடுங்க.

காசு விஷயம் நேராச் சொல்லிடுறேன். தாலுகா நிருபரா போனா வர்ற செய்திக்கு ஏத்த மாதிரிதான் காசு, அதை நம்பி வீடு நடத்த முடியாது. ஆனா அந்த வேலை ஸ்டேஷன், தாலுகா ஆபீஸ், ஜி.எச்., கோர்ட் எல்லாத்தையும் பழக்கிக் குடுக்கும், ரெண்டு வருஷம் பாருங்க. படிக்க வசதி இருந்தா சென்னையில ஏசியன் காலேஜ் ஆஃப் ஜர்னலிசம் மாதிரி இடங்க இருக்கு, ஸ்காலர்ஷிப் கேட்டுப் பாருங்க, இல்லாட்டியும் கதவு மூடிடாது. டீச்சர் வேலை, டி.டி.பி. கடை, மொழிபெயர்ப்பு, ஏதாவது ஒண்ணைக் கையில வச்சுக்கிட்டு ஞாயித்துக்கிழமையில இதைச் செஞ்சு முன்னுக்கு வரலாம், நிதானமாத்தான் ஆகும்.

கிராமத்து மக்களைப் பத்தின நீளமான எழுத்துக்கு பத்திரிகைக்காரர் சாய்நாத் 2014 டிசம்பர்ல ஆரம்பிச்ச பாரிங்கிற (PARI) ஆன்லைன் தளம் இருக்கு, தமிழ்லயும் வருது, புதுசா எழுதுறவங்களையும் எடுத்துக்குறாங்க. வார மாத இதழ்கள், ஆன்லைன் தளங்கள் எல்லாத்துக்கும் அனுப்புங்க. அனுப்பும்போது "புலம்பெயர் தொழிலாளர் அவலம்"னு தலைப்பு போட்டு அனுப்பினா எடிட்டர் படிக்கவே மாட்டாரு. ஒரு ஆளு, அவரோட ரெண்டு ஊரு, இப்ப அவரு என்ன செய்யப் பாக்குறாரு, உங்க கையில என்ன காகிதம் இருக்கு, பயணச் செலவு எவ்வளவு ஆகும், எத்தனை வார்த்தை, எப்ப தருவீங்க, இவ்வளவையும் அரைப் பக்கத்துல எழுதி அனுப்புங்க. பதில் வரலன்னா ரெண்டு வாரம் பாத்துட்டு அடுத்த இடத்துக்கு அனுப்புங்க, ஒரே நேரத்துல ரெண்டு பேருக்கு அனுப்பாதீங்க.

வெளியானதும் அதை அந்த ஆளுக்கு அனுப்புங்க, தமிழ் படிக்கத் தெரியலன்னா அவங்க மொழியில வாய்ஸ் நோட்டா சொல்லுங்க, ஊருல இருக்கிற வீட்டுக்கும் அனுப்பலாமான்னு கேட்டுட்டு அனுப்புங்க. நம்பரை அழிச்சுடாதீங்க, ஆறு மாசத்துக்கு ஒரு தடவை கூப்பிடுங்க, வேலை மாறியிருக்கும், ஊரு மாறியிருக்கும், அதுதான் அடுத்த கட்டுரை. இப்படி நாலஞ்சு வருஷம் ஒரே குடும்பத்தைத் தொடர்ந்தா அது புத்தகமாகும், அதனால முதல் கட்டுரையிலயே பத்திரிகை கிட்ட, புத்தகமாப் போடுற உரிமை எனக்குத்தான்னு மெயில்ல எழுதி வாங்கிக்கோங்க, வாய்ப் பேச்சுல விடாதீங்க.